‘சேஃப்டி லாஸ்ட்!’ ப்ளூ-ரே: மட்டக்களப்பில் வாங்குகிறவர்களுக்கு

ஹரோல்ட் லொயிட்டின் 1923ஆம் ஆண்டு மௌனப் படம். கிரைட்டீரியன் என்ற அமெரிக்க நிறுவனம் 2013இல் விட்ட இந்த டிஸ்க்கை எடுப்பிக்க முன்னம் உங்கள் பிளேயரைப் பாருங்கள். ப்ளூ-ரேக்கு உலகத்தை வலயங்களாகப் பிரித்திருக்கிறார்கள். இந்த டிஸ்க் ‘ஏ’ வலயத்துப் பிளேயரில் மட்டும் ஓடும்படி பூட்டப்பட்டது, இலங்கை ‘சி’ வலயம். இங்கே வாங்கிய சாதாரண பிளேயரில் எச்சரிக்கை எழுத்துத்தான் வரும். எல்லா வலயமும் ஓட்டும் பிளேயர் இல்லையென்றால் காசை வீணாக்க வேண்டாம்.

பிழைக்க நகரத்துக்குப் போன நாயகன் (லொயிட்) துணிக்கடையில் துணி வெட்டிக் கொடுக்கிறான். ஊரிலிருக்கும் காதலிக்கோ பெரிய பதவி என்று கடிதம். அவள் சொல்லாமல் கொள்ளாமல் வந்து நிற்கிறாள், மனேஜரின் அறையைத் தன் அறை என்கிறான். கட்டாரில் என்ன வேலை என்று சொல்லாமலே ஊரில் ‘சுப்பவைசர்’ ஆன அண்ணன்மார் இல்லாத தெரு மட்டக்களப்பில் ஏது?

நாயகன் கட்டடத்தின் வெளிச்சுவரில் ஏறும் கடைசிப் பகுதியைத்தான் எல்லோரும் புகழ்வார்கள். உயரம் வேறுவேறான கட்டடங்களின் மொட்டைமாடிகளில் சுவர் செற் போட்டு, கீழே உண்மைத் தெரு தெரியும்படி எடுத்தார்கள். லொயிட் 1919இல் வெடிவிபத்தில் வலது கைப் பெருவிரலையும் சுட்டுவிரலையும் இழந்தவர். உறை போட்ட கையோடுதான் தொங்குகிறார். ஆனாலும் படத்தின் உயிர் முதல் பாதிதான். வீட்டுக்காரி வாடகை கேட்டு வர, நாயகனும் அவனது அறை நண்பனும் கொழுவியில் மாட்டிய கோட்டுகளுக்குள் புகுந்து, கால்களை மடக்கிக்கொண்டு தாங்களும் தொங்குவார்கள். காதலிக்குச் சங்கிலி வாங்கக் காசை எண்ணிக் கொடுக்கக் கொடுக்க, அவன் சாப்பிட நினைத்த பகல் சாப்பாடு ஒவ்வொரு தட்டாக மறையும். இணையத்தில் சும்மா கிடைக்கும் மங்கல் பிரதிகளில் அடிபட்டுப்போவது இதுதான். இந்த 2கே (டிஜிட்டலில் துப்புரவாக்கிய கூர்மையான) பிரதியில் தட்டுகளும் முகங்களும் தெளிவு.

டீவியில் படத்தின் அளவை 16:9இலேயே விடுங்கள், இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை வருவது சரிதான். 4:3க்கு மாற்றினால் எல்லோரும் ஒடுங்கித் தெரிவார்கள். அசைவை வழவழப்பாக்கும் வசதியையும் நிறுத்திவிடுங்கள். பழைய படத்தின் துடிப்பை அது கெடுக்கும்.

இசை இரண்டு இருக்கிறது: கார்ல் டேவிஸின் வாத்தியக்குழு இசை, கேலோர்ட் கார்ட்டரின் ஓர்கன். டேவிஸுக்கே என் வாக்கு. ஓர்கன் அரைமணியில் அலுக்கும். மூன்று குறும்படங்களும் லொயிட் பற்றிய 1989ஆம் ஆண்டு ஆவணப்படமும் கூட வருகின்றன. ஆவணப்படம் நல்லது, குறும்படங்கள் பரவாயில்லை.

இடையில் வரும் எழுத்துகள் ஆங்கிலம், தமிழ் உபதலைப்பு கிடையாது. அம்மம்மா, பிள்ளைகளோடு பார்ப்பதென்றால் ரிமோட்டை வைத்திருப்பவரே நிறுத்தி நிறுத்தித் தமிழில் சொல்லட்டும். ஏறத் தொடங்கியபின் அதற்கும் வேலையில்லை.