உமாய் என்ற பெயரும் 3,500 ரூபாய் அறிக்கையும்: சேலத்துப் பெயர் ஆலோசனைச் சேவை ஒன்றின் மதிப்பீடு

சேலம் ஐந்து ரோடு பக்கம் ஒரு மாடியில் இயங்கும் குழந்தைப் பெயர் ஆலோசனைச் சேவை இது. மூன்று கட்டணங்கள் வைத்திருக்கிறார்கள். 500 ரூபாய்க்கு நட்சத்திர எழுத்தில் தொடங்கும் பெயர்ப் பட்டியல் மட்டும். 1,500 ரூபாய்க்கு அதோடு எண்கணிதம். 3,500 ரூபாய்க்கு 'உலகப் பெயர்கள்' என்ற பெயரில் பொருள், வரலாறு, உச்சரிப்பு எல்லாம் அடங்கிய 14 பக்க அறிக்கை வாட்ஸப்பில் வரும். கூடவே பெயர் பொறித்த ஒரு வெள்ளிக் காசு. இங்கே மதிப்பிடுவது அந்த மூன்றாவதைத்தான். கார்த்திகை மூன்றாம் பாதத்தில் பிறந்த பெண் குழந்தைக்கு அவர்கள் முதலிடத்தில் பரிந்துரைத்தது 'உமாய்' என்ற துருக்கியப் பெயர்.

எழுத்துப் பொருத்தத்தில் குறையில்லை. கார்த்திகைக்கு அ, இ, உ, எ என்ற வரிசையில் மூன்றாம் பாதத்துக்கு உ. இந்த அளவுக்குப் பஞ்சாங்கமே போதும், 3,500 ரூபாய் தேவையில்லை. பணம் கொடுப்பது பெயரின் பின்னணிக்குத்தான். அறிக்கை சறுக்குவதும் அங்கேதான்.

அறிக்கையில் உமாய்க்கு ஒரே வரிதான் பொருள்: 'துருக்கி நாட்டில் தாய்த் தெய்வம், நம் உமையே வணிகர் வழியாக அங்கே போனது.' இரண்டு பாதியும் தவறு. துருக்கி என்பது ஒரு நாடு. துருக்கிய மொழிகள் என்பவை ஒரு குடும்பம்: கசாக், கிர்கிஸ், உஸ்பெக், துருக்மென், அசர்பைஜானி, தாத்தார், உய்குர், சைபீரியாவின் சாகா வரை. உமாய் இந்தக் குடும்பத்து மக்கள் பலரின் பழைய தாய்த் தெய்வம். கன்னடப் பெயரைத் தமிழ்ப் பெயர் என்று சொன்னால் நாம் சும்மா இருப்போமா? உமாய் பற்றிக் கிடைக்கும் மிகப் பழைய எழுத்துச் சான்றுகள் துருக்கியில் இல்லை. மங்கோலியாவில் இருக்கின்றன; அவற்றில் ஒன்று அங்குள்ள ஓர்கோன் பள்ளத்தாக்கில். கி.பி. 732-இல் துருக்கிய இளவரசன் குல் தேகினுக்கு நாட்டிய நினைவுக்கல்லில், அவனுடைய அண்ணனான பேரரசன் பில்கே ககான் பேசுவதாக அமைந்த பகுதியில் இந்தச் சொல் வருகிறது. உமாயைப் போன்ற தன் தாயான அரசியின் பேற்றால் தம்பி குல் தேகின் ஆண்மகனுக்குரிய பெயரைப் பெற்றான் என்பது அந்த வரியின் கருத்து. ஆக, பெயர் பெறுவதைப் பற்றிய வரியிலேயே இந்தத் தெய்வம் நிற்கிறாள். பெயர் விற்கும் கடைக்கு இதைவிட நல்ல சரக்கு ஏது? அறிக்கையில் இதைப் பற்றி ஒரு சொல்கூடக் கிடையாது. அந்தக் கல்லின் எழுத்தை டென்மார்க்கைச் சேர்ந்த வில்ஹெல்ம் தாம்சன் 1893-இல் படித்து முடித்தார்; அதனால் இது யாரோ இணையத்தில் கிளப்பிவிட்ட பழமை அல்ல.

இரண்டாவது சான்று இன்னும் முக்கியம். பெற்றோர் முடிவெடுக்கும் முன் தெரிந்துகொள்ள வேண்டியதும் அதுதான். 11-ஆம் நூற்றாண்டில் பாக்தாதில் இருந்து மஹ்மூத் அல்-காஷ்கரி துருக்கியச் சொற்களுக்கு அரபியில் அகராதி எழுதினார். அதில் 'உமாய்' என்பதற்கு அவர் தரும் பொருள் நஞ்சுக்கொடி, அதாவது பிரசவத்துக்குப் பின் வெளியேறும் கொடி. அதையொட்டி, உமாயை வணங்கினால் பிள்ளை பிறக்கும் என்ற பழமொழியையும் சேர்த்திருக்கிறார். மங்கோலிய மொழியில் இன்றும் இந்தச் சொல்லுக்குக் கருப்பை என்றே பொருள். தாயின் வயிற்றில் பிள்ளையைக் காத்த உறுப்பும், பிறந்த பின் தொட்டிலில் காக்கும் தெய்வமும் ஒரே பெயரில் இருப்பது அந்த மக்களுக்கு உறுத்தவில்லை. தொப்புள்கொடியைக் காயவைத்து வெள்ளித் தாயத்தில் அடைத்து அரைஞாணில் கட்டும் நமக்கும் அது உறுத்த வேண்டியதில்லை. ஆனால் சொல்லாமல் விடுவது வேறு விஷயம். பெண் பத்தாம் வகுப்பில் தன் பெயரைத் தானே தேடிப் பார்த்து 'நஞ்சுக்கொடி' என்று படிக்கும் நாள் வரும். பெற்றோருக்கு அது முன்பே தெரிந்திருந்தால் நிமிர்ந்து பதில் சொல்லலாம்.

உமையோடு உள்ள ஒற்றுமைக்கு வருவோம். காதில் விழும் ஒலி நெருக்கம்தான். அதற்கு மேல் காட்ட ஆதாரம் எதுவும் இல்லை. கேன உபநிடதத்தில் வரும் உமாவும் ஓர்கோன் கல்லின் உமாயும் ஒரே வேர் என்று சொல்ல, சொல் போன வழியைக் காட்டியாக வேண்டும். 'வணிகர் வழியாக' என்று எழுதிவிட்டால் ஆயிற்றா? ஒலி ஒத்துப்போவதை ஒரு வசதியாக எடுத்துக்கொள்ளலாம்: கோயிலில் அர்ச்சனைக்கு உமா என்று சொன்னால் யாரும் புருவம் உயர்த்தப் போவதில்லை.

இன்றைய வழக்கைப் பற்றியும் அறிக்கை மௌனம். கிர்கிஸ் மக்களிடையே மருத்துவச்சியும் குழந்தைக்கு வைத்தியம் பார்க்கும் பாட்டியும் வேலையைத் தொடங்கும்போது, இது என் கை அல்ல, உமாய் அன்னையின் கை என்று சொல்லும் வழக்கம் உண்டு. சைபீரியாவின் ஷோர் மக்கள் ஆண் குழந்தையின் தொட்டிலருகே சிறு வில்லும் அம்பும், பெண் குழந்தைக்கு நூல் நூற்கும் கதிரும் வைப்பது உமாயின் காவலுக்கு அடையாளம். பாஷ்கிர் மக்களின் 'உரால் பாத்திர்' காப்பியத்தில் வரும் ஹுமாய் என்ற அன்னப் பெண்ணையும் இந்தப் பெயரோடு சேர்த்துப் பேசுவார்கள். துருக்கியில் இது பெண் பெயராக இருக்கிறது. தொட்டில் தெய்வம் என்பதுதான் இந்தப் பெயரின் உயிர். பெண் சிசுக்கொலையைத் தடுக்க 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் தொடங்கிய மாவட்டத்தில் இந்தப் பெயருக்கு எவ்வளவு கனம் இருக்கிறது என்பதைச் சேலத்துக் கடைக்காரருக்கு வேறு ஊர்க்காரரா சொல்ல வேண்டும்?

அந்தக் கனம் தெரியாததால்தான் மாற்றுப் பெயர் பட்டியலில் மோசமான தவறு நடந்திருக்கிறது. 'துருக்கியப் பெயர்கள்' என்ற தலைப்பில் 12 பெயர்கள். எலிஃப் அரபு எழுத்தின் பெயர், ஸைனப் அரபு, தெஃப்னே கிரேக்கம், நிலூஃபர் பாரசீகம் (அதுவும் நம் நீலோற்பலத்தில் இருந்து போனது). துருக்கியில் புழங்குகின்றன என்பதால் இவற்றை மன்னிக்கலாம். ஆனால் 'இனிய ஒலி' என்ற குறிப்போடு சோங்குல், தோண்டு, யெதெர், உல்போல்சின் ஆகியவற்றையும் சேர்த்திருக்கிறார்கள். யெதெர் என்றால் 'போதும்'. சோங்குல் என்றால் 'கடைசி ரோஜா'. தோண்டு என்றால் 'திரும்பியது'. கசாக் பெயரான உல்போல்சின் என்றால் 'மகன் பிறக்கட்டும்'. பெண்ணாகவே பிறந்துகொண்டிருக்கும் வீட்டில், அடுத்ததாவது ஆணாக இருக்கட்டும் என்று வைக்கும் பெயர்கள் இந்த வகை. நம் ஊர் போதும்பொண்ணுவும் வேண்டாவும் அச்சு அசலாக இதேதான். சோங்குல் மட்டும் பூவின் அழகுக்காகவும் கடைக்குட்டி என்பதற்காகவும் வைக்கப்படுவதுண்டு. மற்றவற்றுக்கு அந்தச் சாக்கும் கிடையாது. முதல் பெண் குழந்தையை ஆசையாகத் தூக்கி வந்த பெற்றோரிடம் 'போதும்' என்ற பெயரைக் காசுக்கு விற்பது அறியாமையால் நடந்தாலும் ஒப்புக்கொள்ள முடியாதது.

முஸ்லிம் குடும்பங்கள் கவனிக்க வேண்டிய பிழை ஒன்று. அறிக்கையின் ஓரத்தில் உமாய்க்கு 'இஸ்லாமியப் பெயர்' என்ற முத்திரை இருக்கிறது. இஸ்லாம் அந்த நிலங்களுக்குப் போகும் முன்பிருந்த தெய்வத்தின் பெயர் இது. அரபுப் பெயரான உமைமாவோடு குழப்பிவிட்டார்கள். உமைமா என்பது உம்மு என்பதில் இருந்து வந்த, 'சின்னத் தாய்' என்ற பொருளுடைய வேறு பெயர். உ எழுத்து வேண்டும், மார்க்கத்துக்கும் பொருந்த வேண்டும் என்றால் உமைமாவே நேரான வழி.

எண்கணிதப் பகுதி வேடிக்கை. கால்டிய முறையில் ஆங்கில எழுத்து யூவுக்கு 6, எம்முக்கு 4, ஏவுக்கு 1, ஒய்க்கு 1. மொத்தம் 12, கூட்டினால் 3. நான்காம் பக்கத்தில் இதைச் சரியாகப் போட்டிருக்கிறார்கள். ஆறாம் பக்கத்தில், கடைசி ஒய்க்குப் பதில் ஐ போட்டால் 17, அதாவது 8, சனி, ஆகாது என்கிறார்கள். கால்டிய முறையில் ஐ எழுத்துக்கும் 1தான். கூட்டுத்தொகை மாறவே மாறாது. 17 எப்படி வந்தது? பிதகோரஸ் முறையில் யூ 3, எம் 4, ஏ 1, ஐ 9. இரண்டு அட்டவணைகளைக் கலந்துவிட்டார்கள். பிதகோரஸ் முறையில் ஒய் போட்டால் 15, அதாவது 6. நம்பிக்கை உள்ளவர்கள் ஏதாவது ஒரு முறையை வைத்துக்கொண்டு முதல் பக்கத்தில் இருந்து கடைசிப் பக்கம் வரை அதையே கேளுங்கள். எட்டைக் காட்டி 'எழுத்துத் திருத்தம்' என்று தனியாக 750 ரூபாய் கேட்பார்கள். இந்தப் பெயருக்கு அது வீண் செலவு.

உச்சரிப்புக்கு ஒரு ஆடியோ துணுக்கு அனுப்புகிறார்கள். அது நன்றாகவே இருக்கிறது: அழுத்தம் இரண்டாம் அசையில், முடிவில் ய் தெளிவாக. ஆனால் தமிழில் எப்படி எழுதுவது என்பதில் கை கழுவிவிட்டார்கள். மூன்று வழிகள் இருக்கின்றன. 'உமை' என்று எழுதினால் கடைசி ஐ குறுகி, பேச்சில் 'உமெ' என்று தேய்ந்துவிடும். துருக்கியப் பெயர் என்பதே மறைந்துபோகும். 'உமய்' மூல ஒலிக்கு மிக நெருக்கம், ஆனால் கண்ணுக்கு எழுத்துப்பிழை போலத் தெரியும், எழுத்தர் திருத்திவிடுவார். 'உமாய்' நெடில் கொஞ்சம் கூடுதல் என்றாலும் நிலைத்து நிற்கும். ஆங்கிலத்தில் கடைசி எழுத்து ஐ வேண்டவே வேண்டாம். யூ-எம்-ஏ-ஐ என்று பார்க்கும் யாரும் முதல் எழுத்தை நீட்டி 'ஊமை' என்று படிக்க வாய்ப்பு அதிகம். பள்ளி வருகைப்பதிவேட்டில் ஒருமுறை அப்படி ஏறினால் ஆண்டு முழுக்க இறங்காது. ஒய் போட்டால் அந்த ஆபத்து பெருமளவு குறையும்.

வீட்டில் கூப்பிடும்போது என்ன ஆகும் என்பதையும் யோசிக்க வேண்டும். ய் என்று முடியும் பெயரைச் சேலத்து நாக்கு அப்படியே விடாது. ஓர் இகரம் ஒட்டும். உமாய் 'உமாயி' ஆகிவிடும். பாவாயி, பொன்னாயி, செல்லாயி, நல்லாயி வரிசையில் நம் கொள்ளுப்பாட்டிகளோடு போய் உட்கார்ந்துகொள்ளும். எங்கள் பார்வையில் இந்தப் பெயரின் பெரிய கவர்ச்சியே அதுதான். 'மாடர்ன்' பெயர் வேண்டும் என்று கடைக்கு வருபவர்களுக்கு இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும்.

பதிவு பற்றி அறிக்கையில் இருப்பது சரியான தகவல், ஆனால் போதாது. பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயர் முடிவாகாவிட்டால் பெயர் இல்லாமலே பதியலாம். 12 மாதத்துக்குள் பெயரைக் கட்டணமின்றிச் சேர்க்கலாம், அதற்குப் பிறகு 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடு. எனவே, 'இந்த வாரமே முடிவு செய்யுங்கள், இல்லையென்றால் சான்றிதழ் கிடைக்காது' என்று போனில் அவசரப்படுத்தினால் காதில் போட்டுக்கொள்ளாதீர்கள். பதிவு நடப்பது குழந்தை பிறந்த இடத்தில். ஏற்காட்டுக் குடும்பமாக இருந்தாலும் பிரசவம் சேலம் மாநகராட்சி எல்லைக்குள் என்றால் மாநகராட்சிக்குத்தான் போக வேண்டும். தமிழ், ஆங்கிலம் இரண்டு வடிவத்தையும் கையால் எழுதித் தாளாகவே கொடுங்கள். 'உமாய்' என்று வாயால் சொன்னால் 'உமா'வா 'உமையா'ளா என்று எதிர்க்கேள்வி வரும், அல்லது கேள்வியே வராமல் 'உமா' என்று ஏறிவிடும். ஒருமுறை ஏறிய பெயரை மாற்றுவது எளிதல்ல. எழுத்துப்பிழைத் திருத்தத்துக்கே அலைய வேண்டியிருக்கும்.

வெள்ளிக் காசு: 2 கிராம் என்கிறார்கள், டச் (வெள்ளியின் தூய்மை) எவ்வளவு என்று காசிலும் இல்லை, ரசீதிலும் இல்லை. வெள்ளி வேலைக்குப் பேர்போன செவ்வாய்ப்பேட்டை இருக்கும் ஊரில் இதைக் கேட்காமல் வாங்கக் கூடாது. பொறிப்பு லேசர் வேலை, சுத்தமாக இருக்கிறது. ஆனால் அதில் 'உமை' என்று பொறித்து, அறிக்கையில் 'உமாய்' என்று அச்சிட்டிருக்கிறார்கள். பொறிக்கும் முன் வாட்ஸப்பில் மாதிரிப் படம் அனுப்பச் சொல்லி ஒப்புதல் கொடுங்கள், கேட்டால் அனுப்புகிறார்கள்.

பெயருக்கு எங்கள் மதிப்பெண் 5-க்கு 4, சேவைக்கு 2. ஆடியோ துணுக்குக்கும், போனில் பொறுமையாகப் பேசுவதற்கும் அந்த இரண்டு. 500 ரூபாய்ப் பட்டியலை வாங்கிக்கொண்டு, பிடித்த பெயர் எந்த மொழி, எந்த நூற்றாண்டில் யார் எதற்காக வைத்தார்கள் என்பதைத் தனியாகத் தேடிக்கொள்வது மேல். 3,500-க்கே போவதாக இருந்தால், முன்பணம் கொடுக்கும் முன் ஒரு கேள்வி கேளுங்கள்: பட்டியலில் உள்ள ஒவ்வொரு பெயருக்கும், அந்த ஊரில் எந்தச் சூழலில் அதை வைக்கிறார்கள் என்று எழுதித் தருவீர்களா? முன்பணம் 1,000 ரூபாய், திருப்பித் தரமாட்டார்கள்.