நேட்டால் போர்க்களச் சுற்றுலா: டோலி சுமந்தவர்களுக்கும் நேரம் ஒதுக்க வேண்டும்

தென்னாப்பிரிக்காவின் டர்பனிலிருந்து விடியற்காலையில் புறப்பட்டு இரவுக்குள் திரும்பும் போர்க்களச் சுற்றுலாக்களைச் சில சிறு நிறுவனங்கள் நடத்துகின்றன. பெரும்பாலும் வெளிநாட்டுப் பயணிகளை எண்ணி அமைக்கப்பட்ட இப்பயணங்களில் ஒன்றை எங்கள் தமிழ்ப்பள்ளியைச் சார்ந்த குடும்பங்கள் சேர்ந்து முன்பதிவு செய்து சென்று வந்தோம். பிரிட்டிஷாருக்கும், டச்சு வழிவந்த குடியேறிகளான போயர்களுக்கும் இடையே 1899 முதல் 1902 வரை நடந்த போயர் போரில் நேட்டால் என்னும் ஒரு சிறிய பிரிட்டிஷ் குடியேற்ற நாடு என்ன பங்கு வகித்தது, அந்நாட்டு மக்கள், குறிப்பாகக் காயமுற்றோரை டோலி என்னும் தூக்குப்படுக்கையில் சுமந்த இந்தியர்கள், எதையெல்லாம் கொடுத்தார்கள் என்பதை அந்த மண்ணிலேயே நின்று கேட்க வேண்டும் என்பதுதான் எங்கள் விருப்பம். அந்த விருப்பம் எந்த அளவுக்கு நிறைவேறியது என்பதைக் கொண்டே இந்தச் சேவையை மதிப்பிடுகிறேன்.

வண்டி, நேரம், உணவு ஆகியவற்றில் குறை சொல்ல எதுவும் இல்லை. சொன்ன நேரத்துக்கு வந்தார்கள். ஓட்டுநர் நிதானமாக ஓட்டினார். பீட்டர்மாரிட்ஸ்பர்க், எஸ்ட்கோர்ட் வழியாகச் செல்லும் நெடுஞ்சாலையில் இரண்டு இடங்களில் இளைப்பாற நிறுத்தினார்கள். புரட்டாசி மாதமாக இருந்ததால் எங்களில் பெரும்பாலோர் விரதம். முன்கூட்டியே தெரிவித்திருந்தபடி மதிய உணவு முழுவதும் சைவமாகவும், தனிப் பாத்திரங்களிலும் வந்தது. அருங்காட்சியக நுழைவுச் சீட்டும் உணவும் கட்டணத்திலேயே அடக்கம்.

எங்களுடன் வந்த வழிகாட்டி படையியல் வரலாற்றை ஆழ்ந்து கற்றவர். 1899 டிசம்பர் 15 அன்று கொலென்சோவில் பிரிட்டிஷ் ஜெனரல் புல்லரின் படை துகேலா ஆற்றைக் கடக்க முயன்று தோற்றதை, ஆற்றங்கரையில் நின்று அவர் விளக்கியபோது சிறுவர்கள்கூட அசையாமல் கேட்டார்கள். எதிர்க்கரை மேடுகளில் போயர் தளபதி லூயிஸ் போத்தாவின் ஆட்கள் பதுங்கியிருந்த இடங்கள், பிரிட்டிஷ் பீரங்கிகள் அளவுக்கு மீறி முன்னேறிவிட்ட இடம், பத்துப் பீரங்கிகள் பறிபோன விதம், சுமார் 1,100 பேர் கொல்லப்பட்டும் காயமுற்றும் சிறைப்பட்டும் போன கணக்கு ஆகிய அனைத்தையும் அவர் குறிப்பேட்டைப் பாராமலே சொன்னார். நிலத்தைக் காட்டிப் போரை விளங்கவைக்கும் கலையில் அவருக்கு முழு மதிப்பெண் தருவேன்.

ஆனால் நாங்கள் தேடிப்போன செய்தி அந்த விளக்கத்தில் இல்லை. சீவ்லியில் உள்ள படைவீரர் கல்லறைத் தோட்டத்தில், பிரிட்டிஷ் படைத்தளபதி ராபர்ட்ஸ் பிரபுவின் ஒரே மகனாகிய லெப்டினன்ட் ராபர்ட்ஸின் கல்லறை முன்னால் வெகுநேரம் நின்றோம். பீரங்கிகளை மீட்கப் பாய்ந்து சென்று அவர் குண்டடி பட்டதும், இறந்த பிறகு அவருக்கு வீரத்துக்கான உயரிய பதக்கமாகிய விக்டோரியா சிலுவை வழங்கப்பட்டதும் உருக்கமாகச் சொல்லப்பட்டன. அவர் உடலைக் களத்திலிருந்து சுமந்து வந்த பேறு தங்கள் இந்திய ஆம்புலன்ஸ் படைக்குக் கிடைத்ததாகக் காந்தி பின்னாளில் எழுதியிருக்கிறார். இந்தச் செய்தியைச் சொல்ல அந்தக் கல்லறையைவிடப் பொருத்தமான இடம் நேட்டாலில் வேறு இல்லை. அங்கே அது சொல்லப்படவில்லை.

அந்தப் படையைப் பற்றி இங்கே சற்று விரிவாகவே எழுத வேண்டும். போர் தொடங்கியவுடன் இந்தியர்கள் முன்வந்து உதவி தர விரும்பியபோது நேட்டால் அரசு அதை ஏற்கவில்லை. டிசம்பரில் காயமுற்றோரின் தொகை பெருகும் நிலை வந்த பிறகே ஏற்றுக்கொண்டது. திரண்டவர்கள் ஏறத்தாழ 1,100 பேர். அவர்களில் சுமார் 300 பேர் குறிப்பிட்ட ஆண்டுகள் வேலை செய்ய இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்டு, அந்த ஒப்பந்தம் முடிந்த சுதந்திர இந்தியர்களும் அவர்தம் பிள்ளைகளும். மற்ற 800 பேரும் முதலாளிகள் அனுப்பிவைத்த ஒப்பந்தத் தொழிலாளர்கள். டர்பனில் திருச்சபைப் பணி செய்துவந்த மருத்துவர் பூத் அவர்களுக்குப் பயிற்சி அளித்து, களத்துக்கும் உடன் சென்றார். கொலென்சோவுக்குப் பின் கலைக்கப்பட்ட படை ஜனவரியில் எஸ்ட்கோர்ட்டில் மீண்டும் கூடி ஸ்பியோன்கோப் குன்றுக்குச் சென்றது. துப்பாக்கிச் சூட்டு எல்லைக்குள் போக வேண்டியதில்லை என்பது முதலில் இருந்த ஏற்பாடு. ஸ்பியோன்கோப்பில் அந்த ஏற்பாட்டைத் தாண்டி, கேட்டுக்கொண்டபோது மறுக்காமல் எல்லைக்குள்ளும் சென்றார்கள். காயமுற்றவர்களை டோலியில் வைத்துத் தோளில் சுமந்தபடி ஒரு நாளில் 20 முதல் 25 மைல் வரை நடந்தார்கள். ஜனவரி மாத வெயிலில், சாலையில்லாத புல்வெளியில், உடல் குலுங்கினால் உயிர் போகும் நிலையிலுள்ள ஒருவரைச் சுமந்து ஏறத்தாழ 40 கிலோமீட்டர் நடப்பது எத்தகைய உழைப்பு என்பதை, வண்டியில் அதே தொலைவை ஒரு மணி நேரத்துக்குள் கடந்தவர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஸ்பியோன்கோப் உச்சியில் வழிகாட்டி மீண்டும் தம் திறமையைக் காட்டினார். 1900 ஜனவரி 23 நள்ளிரவில் பிரிட்டிஷ் வீரர்கள் பனிமூட்டத்தில் ஏறியது, பாறை நிலத்தில் ஆழமாகத் தோண்ட முடியாமல் மேலோட்டமான பதுங்குகுழியோடு நின்றது, விடிந்து பனி விலகியபோது சுற்றியுள்ள குன்றுகளிலிருந்து குண்டுகள் பொழிந்தது ஆகியவை கண்முன் நடப்பதுபோல் விளக்கப்பட்டன. அந்தப் பதுங்குகுழியே இன்று அவர்களின் பொதுக் கல்லறை. படைத்தலைவர் உட்கேட் அங்கே சாவுக்காயம் பட்டார்; அவரையும் சுமந்து இறக்கியது இந்தியர்களே என்று காந்தி பதிவு செய்திருக்கிறார். லிவர்பூல் காற்பந்து அரங்கின் ஒரு பகுதிக்கு இந்தக் குன்றின் பெயர் வந்த கதைக்கு ஒதுக்கிய நேரத்தில் பாதியை டோலி வந்த பாதையைக் காட்ட ஒதுக்கியிருக்கலாம் என்பது என் உறுதியான கருத்து.

காந்தி, சர்ச்சில், போத்தா ஆகிய மூவரும் ஒரே குன்றில் இருந்தார்கள் என்ற செய்தியை எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள், இவரும் சொன்னார். அப்போது எங்களுடன் வந்த முதிய ஆயா ஒருவர், “தம்பி, காந்தியோடு வந்தவங்க யார் யாருன்னு அவரைக் கேளு” என்றார். கேட்டதும், வழிகாட்டி தம் கோப்பிலிருந்து புகழ்பெற்ற அந்தக் குழுப் படத்தை எடுத்துக் காட்டினார். நடுவே பூத்தும் காந்தியும் அமர்ந்திருக்க, சுற்றிலும் ஜோசப் ராயப்பன், பி. கே. நாயுடு, வின்சென்ட் லாரன்ஸ் முதலிய தலைவர்கள் இருக்கும் படம் அது. நேட்டாலிலேயே ஒப்பந்தத் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்த ராயப்பன் பின்னர் வழக்கறிஞராகி, சத்தியாக்கிரகத்தில் சிறை சென்றவர் என்று நான் சொன்னபோது, வழிகாட்டி அதைக் குறித்துக்கொண்டார். தெரியாததைக் கேட்டு எழுதிக்கொள்ளும் அந்தப் பண்பு எனக்குப் பிடித்திருந்தது.

படத்தில் உள்ளவர்கள் தலைவர்கள் மட்டுமே. போர்ப் பதக்கமும் அவர்களுக்குத்தான் கிடைத்தது. ஒப்பந்தத் தொழிலாளர்களான எண்ணூறு பேரைப் பற்றி எந்தப் படமும் பேசவில்லை. ஆனால் அவர்கள் பெயரற்றவர்கள் அல்லர். 1860 நவம்பர் 16 அன்று சென்னையிலிருந்து வந்த ட்ரூரோ கப்பல் தொடங்கி 1911 வரை நேட்டாலுக்கு வந்த 1,52,184 ஒப்பந்தத் தொழிலாளர்களுக்கும் கப்பல் பட்டியலில் எண், பெயர், தந்தை பெயர், வயது, ஊர் ஆகியவை பதியப்பட்டுள்ளன. அவர்களில் மூன்றில் இரண்டு பங்கினர் சென்னைத் துறைமுகம் வழியே வந்தவர்கள். ஆகையால் டோலி சுமந்த தோள்களில் தமிழ்த் தோள்களும் தெலுங்குத் தோள்களும் மிகுந்திருக்கும் என்று எண்ண நல்ல காரணம் உண்டு. நம் வீடுகளில் பாட்டனாரின் கப்பல் எண்ணை வைத்திருப்பவர்கள் பலர். போரைப் பற்றிக் கேட்க இந்தச் சுற்றுலாவுக்கு வருபவர்களில் ஒருவருக்கேனும் அந்தத் தொடர்பு புலப்பட வேண்டும்.

நேட்டாலின் பங்கு என்று பேசும்போது இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். 1893-இல் தன்னாட்சி பெற்ற நேட்டால், 1896-இல் இந்தியர்களின் நாடாளுமன்ற வாக்குரிமையைப் பறித்தது. அதற்கு முந்தைய ஆண்டே ஒப்பந்தம் முடிந்து தங்குவோர் மீது மூன்று பவுன் வரி விதிக்கச் சட்டம் இயற்றியது. 1904 கணக்கெடுப்பில் அந்நாட்டில் வெள்ளையரைவிட இந்தியர் தொகை சற்றே அதிகம். வாக்கில்லாத, வரி சுமத்தப்பட்ட மக்கள் அந்த அரசின் போரில் இரத்தம் தோய்ந்த டோலிகளைச் சுமந்தார்கள். அந்த வரி 1914 வரை நீங்கவில்லை. வழிகாட்டி தந்த விளக்கத் தாளில் நேட்டால் கார்பினியர் போன்ற வெள்ளையர் தொண்டர் படைகளின் பட்டியல் முறையாக இருக்கிறது. அதன் கீழே இந்தச் செய்திகளைச் சில வாக்கியங்களில் சேர்ப்பதற்கு இடமும் இருக்கிறது. ஜோகன்னஸ்பர்க் சுரங்கங்களிலிருந்து 1899 அக்டோபரில் மார்விக் என்ற அதிகாரியின் துணையோடு நேட்டாலுக்கு நடந்தே வந்த சுமார் 7,000 ஜூலுத் தொழிலாளர்களைப் பற்றியும் அதில் ஒரு சொல் இல்லை.

லேடிஸ்மித் இந்தப் பயணத்தின் சிறந்த பகுதி. போயர்கள் ஊரை வளைத்திருந்த 118 நாள் முற்றுகையில் குண்டுகளைவிடக் குடற்காய்ச்சலே அதிகம் பேரைக் கொன்றது என்பதை அருங்காட்சியகத்தின் பொருள்களை வைத்தே விளக்கினார்கள். அம்புல்வானா மலையிலிருந்து போயர்களின் பெரும் பீரங்கி முழங்கும் ஒவ்வொரு முறையும், உயரத்தில் உட்கார்ந்து மணியடித்து ஊரை எச்சரித்த ஒப்பந்தத் தொழிலாளி பிரபு சிங்கின் கதையும் இங்கே சொல்லப்பட்டது. அந்தத் துணிவை அறிந்து இந்திய வைஸ்ராயின் மனைவி கர்சன் சீமாட்டி அங்கி ஒன்றைப் பரிசாக அனுப்பினார். ஊரில் உள்ள விஷ்ணு கோவிலில் காந்தி சிலை இருக்கிறது. கேட்டதும் மறுக்காமல் அங்கும் அழைத்துச் சென்றார்கள்.

விடுபட்டுப்போன ஓர் இடம் டர்பனிலேயே இருக்கிறது. இன்று தமிழர் பலர் வாழும் மெர்பேங்க்கில், போரின் பிற்பகுதியில் போயர் பெண்களும் குழந்தைகளும் அடைக்கப்பட்ட முகாம் இருந்தது. நோயால் மாண்டோரின் நினைவுத் தோட்டமும் அங்கே உண்டு. போர் வீரம் மட்டும் அன்று என்பதை நம் பிள்ளைகள் தங்கள் தெருவுக்கு அருகிலேயே அறியக்கூடிய இடம் அது.

ஐந்துக்கு மூன்றரை மதிப்பெண் தருகிறேன். குறைத்தது முழுவதும் உள்ளடக்கத்துக்காக. இவற்றை எழுதி அனுப்பியபோது, குழுவாக வருபவர்கள் கேட்டால் மெர்பேங்க்கையும் சேர்ப்பதாக நிறுவனத்தார் பதில் எழுதினார்கள். எனவே முன்பதிவு செய்யும்போதே அதைக் கேளுங்கள். ஆம்புலன்ஸ் படைக்கு அரை மணி நேரம் ஒதுக்கச் சொல்லுங்கள். வீட்டில் கப்பல் பட்டியல் நகல் இருந்தால் எடுத்துச் செல்லுங்கள். கோடையில் பிற்பகல் இடிமழை பெய்யும் என்பதால் மே முதல் ஆகஸ்டு வரையிலான மாதங்கள் ஏற்றவை. குன்றின் உச்சியில் காற்று கடுமையாக வீசும், முதியவர்களுக்குக் கம்பளி ஆடை தேவைப்படும்.