ஆல்ப்ஸைக் குடைந்த மூன்று வழிகள்: தொப்பூர் கணவாய்க்கு எது பொருந்தும்?

சேலம் - தர்மபுரி சாலையில் தொப்பூர் கணவாயில் லாரி கவிழ்ந்து மணிக்கணக்கில் வண்டிகள் நின்றால், மறுநாள் தர்மபுரி டீக்கடையில் ஒருவராவது கேட்பார்: "சுவிட்சர்லாந்துக்காரன் ஆல்ப்ஸையே குடைஞ்சு ரயில் விடறான், இந்தக் குன்றைக் குடைய முடியாதா?" குடையலாம். கிருஷ்ணகிரி மாவட்டத்தில் கருங்கல்லை உடைத்துப் பழகிய கைகளுக்குப் பஞ்சமில்லை. ஆனால் எந்த உயரத்தில் குடைவது என்பதில்தான் எல்லாமே இருக்கிறது. ஆல்ப்ஸில் மூன்று உயரங்களிலும் குடைந்து பார்த்துவிட்டார்கள்.

முதல் வழி, முடிந்தமட்டும் மேலே ஏறிவிட்டு உச்சிக்கு அருகில் மட்டும் சின்னதாகக் குடைவது. 1926-இல் முடிந்த சுவிட்சர்லாந்தின் ஃபூர்க்கா ரயில்பாதை இந்த ரகம். கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,160 மீட்டர் உயரத்தில், இரண்டு கிலோமீட்டருக்கும் குறைவான குகை. செங்குத்தான இடங்களில் தண்டவாளங்களுக்கு நடுவே இருக்கும் பல்சட்டத்தை எஞ்சினின் பல்சக்கரம் பிடித்து ஏறும். நம் ஊட்டி ரயிலில் கல்லாறு முதல் குன்னூர் வரை இருக்கிற அதே ஆப்ட் முறை. தோண்டும் செலவு குறைவுதான். ஆனால் ஒவ்வொரு குளிர்காலமும் பில் வந்துகொண்டே இருக்கும். ஸ்டெஃபன்பாக் ஓடையில் பனிச்சரிவு எந்தப் பாலத்தையும் விட்டுவைக்காது என்பதால் அங்கே மடக்குப் பாலமே போட்டார்கள். குளிர் தொடங்கும் முன் மடக்கி ஒதுக்கி வைப்பது, பனி உருகியதும் விரிப்பது. ஆண்டில் பாதிக்கு மேல் ரயில் கிடையாது. கடைசியில் 1982-இல் அடியில் 15.4 கிலோமீட்டருக்குப் புதுக் குகை திறந்து, வண்டிகளை அதற்கு மாற்றினார்கள். பழைய பாதையில் இன்று கோடைகாலச் சுற்றுலா நீராவி ரயில் ஓடுகிறது. சரக்குக்கு இந்த வழி ஆகவே ஆகாது.

இரண்டாவது, நடு உயரம். 1882-இல் திறந்த கோட்ஹார்ட் குகை 15 கிலோமீட்டர்; உச்சப்புள்ளி சுமார் 1,150 மீட்டர். அந்த உயரத்தைத் தொடுவதற்கு வெளியே வளைந்து வளைந்து ஏற வேண்டும். மலைக்குள்ளேயே திருகிச் சுற்றும் குகைகள் பல. வாஸன் ஊர் தேவாலயம் பயணிகளுக்கு மூன்று முறை, மூன்று உயரங்களிலிருந்து தெரியும். ஏற்றம் ஆயிரத்துக்கு 26, அதாவது ஆயிரம் மீட்டர் போனால் 26 மீட்டர் உயரும். கணக்குப் போட்டால், 1,000 டன் ரயிலை ஏற்றம் மட்டுமே 26 டன் விசையோடு பின்னால் இழுக்கும். அதனால் கூடுதல் எஞ்சின் வேண்டும், இறங்கும்போது பிரேக் சூடு வேறு.

தோண்டியவர்கள் பட்ட பாடு தனி. ஒப்பந்தக்காரர் லூயி ஃபாவ்ர் 1879-இல் குகைக்குள்ளேயே இறந்தார். ஏறத்தாழ 200 தொழிலாளர்கள் உயிரிழந்தார்கள். சூடும் ஈரமும் சுகாதாரக் கேடுமான குகைக்குள் கொக்கிப்புழு நோய் பரவியது. 1875-இல் வேலைநிறுத்தம் செய்தவர்கள் மீது சுட்டதில் நான்கு பேர் செத்தார்கள். சுற்றுலாக் கையேடுகளில் இதற்கு ஒரு வரி கிடைத்தாலே அதிகம். இத்தனைக்கும் நடுவே, 1880-இல் இரு முனையும் சந்தித்தபோது பக்கவாட்டுப் பிசகு சுமார் 33 சென்டிமீட்டர்தான்.

மூன்றாவது, அடிவாரக் குகை. 2016-இல் திறந்த கோட்ஹார்ட் அடிக்குகை 57 கிலோமீட்டர். உச்சப்புள்ளி 549 மீட்டர், ஏற்றம் ஆயிரத்துக்கு 7-க்குள். அதே 1,000 டன் ரயிலுக்கு இப்போது 7 டன் இழுவிசைதான். செலவு 1,200 கோடி பிராங்குக்கு மேல். பக்கம் பக்கமாக இரண்டு குகைக் குழாய்கள், சுமார் 325 மீட்டருக்கு ஒரு குறுக்கு வழி. தலைக்கு மேல் அதிகபட்சம் 2,300 மீட்டர் பாறை. அந்த ஆழத்தில் பாறையின் வெப்பம் 46 டிகிரி வரை போகும். வேலை செய்யும் இடத்தை 28 டிகிரிக்குக் குளிர்விக்காமல் ஆளை இறக்க முடியாது.

இந்த நீளத்தில் எண்பது சதவீதம் வரை இயந்திரம்தான் குடைந்தது. முகப்பில் சுமார் அறுபது உருக்கு வட்டுகள், ஒவ்வொன்றும் சுமார் 25 டன் அழுத்தத்தில் உருண்டு பாறையைச் சில்லுச் சில்லாகப் பெயர்க்கும். நல்ல பாறையில் ஒரு நாளைக்கு 40 மீட்டர்கூடப் போகும். கெட்ட பாறையில் மாட்டினால் மாதக்கணக்கில் நிற்கும். ஆம்ஸ்டெக் பகுதியில் ஓர் இயந்திரம் அப்படி நின்றது. பின்வாங்கி வேறு பாதை எடுக்க அதற்கு வழியில்லை. ஸெட்ரூன் பகுதியில் நொறுங்கிய பாறை குகையை நெருக்கும் என்று முன்பே தெரிந்ததால், அங்கே வெடி வைத்துத்தான் குடைந்தார்கள். குகையைத் திட்டமிட்டே அகலமாகத் தோண்டி, அழுத்தம் வந்தால் ஒன்றுக்குள் ஒன்று வழுக்கி இறுகும் உருக்கு வளைவுகளைப் பொருத்தினார்கள்.

வெடி வேலை என்றதும் நம் கிரஷர் குவாரிக்காரர்கள் "இது தெரிஞ்ச சங்கதிதானே" என்பார்கள். பாதிதான் தெரிந்தது. குவாரிப் படியில் பாறைக்கு மேலேயும் முன்னாலேயும் காலி; வெடித்த கல் விழ இடமிருக்கிறது. குகையில் எதிரே ஒரே ஒரு முகம். எல்லாக் குழியையும் ஒன்றாக வெடித்தால் பாறை பெயராது, புகைதான் வரும். அதனால் நடுவில் தோட்டா வைக்காத பெரிய குழிகளைப் போட்டு, அவற்றை ஒட்டிய குழிகளை முதலில் வெடித்து ஒரு பொந்து உண்டாக்க வேண்டும். அடுத்த வரிசைகள் மில்லிசெகண்ட் இடைவெளியில் அந்தப் பொந்தை நோக்கி உடைந்து விழும். ஓரக் குழிகளில் மருந்து குறைவு. கூடினால் கூரைப் பாறை விரிசல் விட்டு, பிறகு தலையில் விழும். புகை வெளியேறிய பின் தொங்கும் கற்களைத் தட்டி இறக்காமல் யாரும் உள்ளே போகக்கூடாது. பிறகுதான் பாறையைப் பிணைக்கும் போல்ட்டும் கான்கிரீட் பீச்சலும்.

அடிக்குகைக்கும் ஒரு பலவீனம் உண்டு. 2023 ஆகஸ்டில் சரக்கு ரயில் ஒன்றின் சக்கரம் உடைந்து உள்ளே தடம்புரண்டது. முழுச் சேவை திரும்ப 2024 செப்டம்பர் ஆனது. அதுவரை பயணிகள் ரயில்களைக் காப்பாற்றியது 1882-இன் மலைப்பாதை. பழசை மூடச் சொன்னவர்கள் இதைக் கவனிக்கட்டும். அதே சமயம் அடிக்குகையில் போகும் உயரமான சரக்குப் பெட்டிகளும் மாடி ரயில்களும் அந்தப் பழைய பாதையில் நுழையவே முடியாது.

சரி, தொப்பூருக்கு? கோட்ஹார்ட் ஒரு மதில்: வடக்கு வாய் சுமார் 460 மீட்டர், தெற்கு வாய் சுமார் 310 மீட்டர், நடுவில் மலை. அடியில் துளைத்தால் ஏற்றம் பெரும்பாலும் காணாமல் போகிறது. தொப்பூர் மதில் அல்ல, திண்ணை. சேலம் சுமார் 280 மீட்டர், தர்மபுரி 460-ஐ ஒட்டி, ஓசூர் 900-ஐ ஒட்டி. எத்தனை கிலோமீட்டர் குடைந்தாலும் மறுபக்கம் மேட்டில்தான் வெளிவர வேண்டும். அந்த ஏற்றத்தை எந்தக் குகையும் தின்றுவிடாது. ஆகவே இங்கே அடிக்குகைக்குச் செலவழிப்பது வீண். 1882 பாணிதான் பொருந்தும்: நீளத்தைக் கூட்டி ஏற்றத்தைத் தணிப்பது, கூர்மையான வளைவு இருக்கும் இடத்தில் மட்டும் ஒரு கிலோமீட்டர், ஒன்றரைக் கிலோமீட்டர் குடைவது.

அதற்கும் முன்னால் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது. 2021 நவம்பரில் தொப்பூருக்கும் சிவாடிக்கும் இடையே ரயில்பாதையில் பாறைகள் உருண்டு விழுந்து கண்ணூர் - யஷ்வந்த்பூர் எக்ஸ்பிரஸ் தடம்புரண்டது. அத்தகைய சரிவுகளில் குகை தேவையில்லை. தளர்ந்த கல்லைத் தட்டி இறக்கி, போல்ட்டும் வலையும் அடித்து, மழைநீர் பாறை விரிசலுக்குள் இறங்காதபடி மேலே வடிகால் வெட்டினால் போதும். மிக மோசமான துண்டில் மட்டும் தண்டவாளத்துக்கு மேல் கான்கிரீட் கூரை.