பொள்ளாச்சிக்காரனுக்கு எதற்குக் கடல்மட்டம்?

எங்களுடையது தென்னை நார்த் தொழில். களத்தில் பித் என்கிற நார்த்தூளைக் காயவைத்து, கட்டியாக அழுத்தி, தூத்துக்குடி துறைமுகம் வழியாக அனுப்புகிறோம். போன மாசியில் அங்கே உப்பளத்தை ஒட்டி ஒரு குடோன் 30 வருடக் குத்தகைக்கு வந்தது. "கடல் பக்கத்துலயே இருக்குதுங்க" என்றார் புரோக்கர். எனக்கு உறுத்தியதே அதுதான். அப்போதுதான் மகள் நாசாவின் கடல்மட்டக் கணிப்புக் கருவியை இணையத்தில் திறந்து கொடுத்தாள். காசு கிடையாது.

உலக வரைபடத்தில் தூத்துக்குடிப் புள்ளியைத் தொட்டால், அங்கே கடல் எவ்வளவு ஏறும் என்பதைப் பத்து வருடத்துக்கு ஒரு எண்ணாக 2150 வரை காட்டுகிறது. ஐ.நா.வின் காலநிலை விஞ்ஞானிகள் குழுவான ஐபிசிசி 2021இல் வெளியிட்ட அறிக்கையின் கணக்கு இது. அதன் கடல் அத்தியாயத்தை எழுதியவர்களில் ஒருவரான ராபர்ட் காப் என்ற அமெரிக்க விஞ்ஞானிக்கும் இதில் பெரிய பங்கு உண்டு. உலகம் விடுகிற புகை குறைந்தால் ஒரு கோடு, கூடினால் இன்னொரு கோடு. நடுத்தரக் கோட்டில் 2100க்குத் தூத்துக்குடியில் 2 அடிக்குக் கொஞ்சம் குறைவாக வருகிறது. 2050 வரை எல்லாக் கோடுகளும் ஒட்டியே போகின்றன. ஆக, என் குத்தகைக் காலத்தில் பாதிக்கு மேல், யார் என்ன செய்தாலும் ஏறுவது ஏறத்தான் போகிறது.

எனக்கு ரொம்பப் பிடித்தது, அந்த உயர்வை இனம் பிரித்துக் காட்டுவது. கடல்நீர் சூடேறி விரிவது, கிரீன்லாந்து, அண்டார்டிகா, மலைகளின் பனி, அந்த இடத்து நிலம் ஏறுவது இறங்குவது. கூடவே நிலத்து நீர் என்று ஒரு வரி. அது என்ன கண்ணு என்றேன்.

"நம்ம போர் தண்ணிதானுங்கப்பா. மண்ணுக்குள்ள இருந்து உறிஞ்சறது கடைசில கடலுக்குத்தான் போகுது. ஆழியாறு மாதிரி அணைக தேக்கறதைக் கழிச்சுக்குவாங்க."

பொள்ளாச்சி ஏறக்குறைய ஆயிரம் அடி உயரத்தில் இருக்கிறது. எங்கள் தோட்டத்துப் போரும் ஆயிரம் அடி. கடல்மட்டம் வரைக்கும் துளை போட்டுத்தான் தென்னைக்குத் தண்ணீர் விடுகிறோம்! அந்த வரியின் எண் சின்னதுதான். ஆனாலும் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

சரி, குறைக்கு வருவோம். இது சராசரி மட்டத்தை மட்டும்தான் சொல்லும். புயலில் அலை எவ்வளவு தூரம் ஏறி வரும், எந்தத் தெரு நனையும் என்பதெல்லாம் இதில் இல்லை. 2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் அளவுக்குக் கொட்டியதே, அந்த மாதிரி மழை வெள்ளத்துக்கும் இது உதவாது. குடோன் தரை கடலுக்கு எத்தனை அடி மேலே என்பதை நாம்தான் சர்வேயரை வைத்து அளக்க வேண்டும். எல்லாம் ஆங்கிலத்தில், அதுவும் மீட்டர் கணக்கில். என் சின்னப் போனில் புள்ளியைத் தொடுவதற்குள் விரல் இலங்கைக்குப் போய்விட்டது, கம்ப்யூட்டரில் பாருங்கள்.

ஐந்துக்கு நான்கு கொடுப்பேன். குத்தகை விஷயம் இன்னும் முடியவில்லை. தரையை 3 அடி உயர்த்திக் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறேன். புரோக்கர் அப்புறம் கூப்பிடவே இல்லை.