டைப்-சி கேபிளோடு மூன்று வருடம்

தருமபுரியில் கல்யாண வீடியோ எடுக்கிறேன். ரிசப்ஷன், முகூர்த்தம் இரண்டுக்கும் சேர்த்து 200 ஜிபி சாதாரணமாக வந்துவிடும், அதை லேப்டாப்பில் இறக்கி இன்னொரு பிரதியும் எடுத்து வைத்தால்தான் எனக்குத் தூக்கம் வரும், ஏனென்றால் தாலி கட்டுவதை மறுபடி கட்டச் சொல்லி எடுக்க முடியாது.

மூன்று வருடத்துக்கு முன்பு தண்டர்போல்ட் 4 போர்ட் (டைப்-சி வடிவிலேயே இருக்கும் அதிவேக இணைப்பு) உள்ள லேப்டாப்பும், நொடிக்கு 10 ஜிகாபிட் வேக எஸ்எஸ்டியும் (வெளியே மாட்டும் சேமிப்புப் பெட்டி) வாங்கினேன். பென்னாகரத்தில் ஒரு கல்யாணம் முடித்து வந்த ராத்திரி காப்பி போட்டால் நொடிக்கு 38 எம்பிதான் ஓடுகிறது. கிட்டத்தட்ட ஒன்றரை மணி நேரம்! எஸ்எஸ்டி போலி என்றே முடிவு செய்து மறுநாள் கடைக்குத் தூக்கிக்கொண்டு போனேன். கடைத் தம்பி கேபிளை மட்டும் கையில் எடுத்துப் பார்த்தார். "அண்ணா, இது போன் சார்ஜர் வயருங்க."

அவர் சொல்லித்தான் புரிந்தது. டைப்-சி வாயில் 24 பின் இருக்கிறது, ஆனால் சார்ஜர் வயருக்குள் கரண்டுக்கான கம்பியும் பழைய யுஎஸ்பி 2.0 கம்பியும் மட்டும்தான், வேகத்துக்கான ஜோடிக் கம்பிகளே கிடையாது. அதனால் நொடிக்கு 480 மெகாபிட்டைத் தாண்டாது, எட்டு பிட் ஒரு பைட் என்பதால் எட்டால் வகுத்தால் 60 எம்பி, கைக்கு வருவது நாற்பது சொச்சம். எஸ்எஸ்டி பெட்டியிலேயே வந்த குட்டைக் கேபிளைச் சொருகியதும் 900-ஐத் தொட்டது, 200 ஜிபியும் ஐந்து நிமிடத்துக்குள் இறங்கிவிட்டது.

அப்புறமும் ஒருமுறை ஏமாந்தேன். மேசைக்கு நீளமாக வேண்டுமென்று 100 வாட் என்று போட்ட 2 மீட்டர் கேபிள் வாங்கினேன், நல்ல தடிமன், துணி சுற்றியது. மறுபடி அதே 40 எம்பி. வாட் என்பது சார்ஜ் ஏற்றும் திறன், வேகத்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. வாங்கும்போது ஜிகாபிட் எவ்வளவு என்று தனியாகக் கேளுங்கள். 40 ஜிகாபிட் வேண்டுமென்றால் சாதாரணக் கேபிள் ஒரு மீட்டருக்குள்தான் தாங்கும், 2 மீட்டருக்கு முனையிலேயே சிப் வைத்த ஆக்டிவ் கேபிள் தேவை, விலையும் கூடத்தான். அதிலும் தண்டர்போல்ட் 3 காலத்து 2 மீட்டர் ஆக்டிவ் கேபிள்கள் பலவற்றில் சாதாரண யுஎஸ்பி எஸ்எஸ்டியை மாட்டினால் 480-க்கே இறங்கிவிடும். மின்னல் குறியோடு 4 என்று போட்ட தண்டர்போல்ட் 4 கேபிள் வாங்கினால் அந்தத் தொல்லை இல்லை, நான் இப்போது வைத்திருப்பது அதுதான்.

எஸ்எஸ்டியில் 20 ஜிகாபிட் என்று எழுதியிருந்தாலும் லேப்டாப் அதற்கான 2x2 முறைக்கு (இரண்டு 10 ஜிகாபிட் பாதைகளைச் சேர்த்து ஓட்டுவது) ஒத்துவர வேண்டும், இல்லாவிட்டால் 10-தான். பெரும்பாலான லேப்டாப்பில் அது இல்லை, வீணாகக் காசு போடாதீர்கள்.

மூன்று வருடத்தில் போர்ட் ஒருமுறைதான் தகராறு செய்தது. கேபிள் முழுசாக உள்ளே போகாமல் ஆடியது. லேப்டாப்பை அணைத்துவிட்டு மரப் பல்குச்சியால் மெதுவாக நோண்டினேன், பஞ்சு மாதிரி கெட்டியான தூசி வந்தது, சரியாகிவிட்டது.

வேகமான கேபிள்களின் கழுத்தில் சிவப்பு டேப் சுற்றி வைத்திருக்கிறேன், உதவிக்கு வரும் பையன் அவசரத்தில் எடுத்தாலும் மாறாது. போன மாதம் பாலக்கோட்டில் முகூர்த்தம் முடிந்து, முதல் பந்தி எழுவதற்குள் இரண்டு பிரதியும் தயார்.