கன்டெம்ப்ட் மனுவா, புதிய ரிட்டா? சாலை விரிவாக்கத்தில் வீடு இடிபட்டவருக்கு எது கைகொடுக்கும்

தடையாணை கையில் இருக்கும்போதே நகராட்சியின் ஜேசிபி வந்து முன்னறையை இடித்துவிட்டுப் போனால், யாருக்கும் முதலில் தோன்றுவது 'கன்டெம்ப்ட் போடுவோம்', அதாவது நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போடுவோம் என்பதுதான். அந்தக் கோபம் முழுக்க நியாயமானது. ஆனால் அந்த மனு எதைத் தரும், எதைத் தராது என்பதை முதலில் தெரிந்துகொள்ள வேண்டும்.

குண்டூரில், குடிசைவாசிகளை அப்புறப்படுத்தக் கூடாது என்று 2013 டிசம்பரில் ஆந்திர உயர் நீதிமன்றம் சொல்லியும் ஒரு தாசில்தார் குடிசைகளை அகற்றினார். அவமதிப்பு வழக்கில் அவருக்கு 2 மாதச் சிறை விதிக்கப்பட்டது. 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் சிறையை நீக்கி, அதற்குள் துணை ஆட்சியராகியிருந்த அவரை மீண்டும் தாசில்தாராகப் பதவியிறக்கி, 1 லட்ச ரூபாய் அபராதமும் விதித்தது. தீர்ப்பு வர 11 ஆண்டுகளுக்கு மேல் ஆனது.

உத்தரப் பிரதேசத்தின் மகராஜ்கஞ்சில் 2019இல் சாலை விரிவாக்கத்துக்காக ஒருவரின் பரம்பரை வீடு இடிக்கப்பட்டது. ஆக்கிரமிப்பு என்று அதிகாரிகள் சொன்ன அளவே 3.70 மீட்டர்தான், இடித்ததோ அதைவிட மிக அதிகம். எழுத்தில் நோட்டீஸ் இல்லை, தண்டோரா மட்டும் போட்டார்கள். அவர் எழுதிய கடிதத்தையே உச்ச நீதிமன்றம் ரிட் மனுவாக (அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்திலோ உச்ச நீதிமன்றத்திலோ போடும் மனு) ஏற்று, 2024 நவம்பரில் 25 லட்ச ரூபாய் இழப்பீடு வழங்க உத்தரவிட்டது. அதிகாரிகள் மீது விசாரணைக்கும் வழி செய்தது.

முதல் வழியான கன்டெம்ப்ட் அதிகாரியைப் பார்க்கிறது, இரண்டாவது வழியான ரிட் வீட்டைப் பார்க்கிறது. 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 12ஆம் பிரிவில் உச்சபட்சத் தண்டனையே 6 மாதச் சிறை அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும் (குண்டூர் வழக்கில் உச்ச நீதிமன்றம் விதித்த 1 லட்சம் இந்த வரம்புக்கு அப்பாற்பட்டது). அந்த 2,000 ரூபாய் வீட்டுக்காரரிடம் வராது. இடித்ததைப் பழைய நிலைக்குக் கொண்டுவரச் சொல்ல கோர்ட்டால் முடியும். ஆனால் உங்கள் எல்லைக்கல் எங்கே, பட்டாவில் எத்தனை அடி என்பதையெல்லாம் கன்டெம்ப்ட் மனுவில் தீர்க்க மாட்டார்கள். மூல உத்தரவில் இருப்பதைத் தாண்டி ஒரு வரி கூடச் சேர்க்க முடியாது.

பலர் சறுக்குவதும் இங்கேதான். 'மனுதாரரின் கோரிக்கையைச் சட்டப்படி பரிசீலிக்க வேண்டும்' என்ற உத்தரவை வெற்றியாக நினைத்துவிடுகிறார்கள். நகராட்சி கமிஷனர் பரிசீலித்து நிராகரித்துவிட்டால் உத்தரவு நிறைவேறியதாகிவிடும். அந்த நிராகரிப்பு தவறு என்றால் அது புதிய வழக்கு. கன்டெம்ப்ட்டில் அதை ஆராய முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1996லேயே சொல்லிவிட்டது. அப்புறம் பெரும்பாலும் ரிட்தான் வழி.

மாறாக, 'மறு உத்தரவு வரை இடிக்கக் கூடாது' என்று உத்தரவு திட்டவட்டமாக இருந்து, அதை மீறி இடித்திருந்தால், தயங்காமல் கன்டெம்ப்ட் போடலாம். மீறல் நடந்த ஓராண்டுக்குள் போட வேண்டும். உத்தரவு முன்சீப் கோர்ட்டுடையது என்றால் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 39ஆம் கட்டளை, 2ஏ விதியும் இருக்கிறது: சொத்து ஜப்தி, 3 மாதம் வரை சிவில் சிறை.

நிலம் உண்மையிலேயே உங்களுடையது என்றால் என் கருத்து ரிட் பக்கம்தான். மகராஜ்கஞ்ச் தீர்ப்பு முறையை வரிசையாகச் சொல்கிறது: ஆவணப்படி சாலையின் அகலத்தைப் பார், அளவெடு, ஆக்கிரமிப்பு இருந்தால் நோட்டீஸ் கொடு, ஆட்சேபத்துக்குக் காரணத்தோடு பதில் சொல், அகலம் போதவில்லை என்றால் சட்டப்படி நிலத்தைக் கையகப்படுத்து. கையகப்படுத்தினால் 2013ஆம் ஆண்டு நிலம் கையகப்படுத்தல் சட்டம் போன்றவற்றின்படி இழப்பீடு கேட்கலாம்.

அதே 2024 நவம்பரில், குற்றம் சாட்டப்பட்டவர்களின் வீடுகளை அரசு இடிப்பது பற்றி உச்ச நீதிமன்றம் தந்த 'புல்டோசர்' தீர்ப்பின் 15 நாள் நோட்டீஸை நம்பி இருந்துவிட வேண்டாம். சாலை, நடைபாதை மீதான அனுமதியற்ற கட்டடங்களுக்கு அது பொருந்தாது. அதனால்தான், உங்கள் வீடு சாலையில் இல்லை என்று காட்ட, சர்வேயர் அளந்து நில எல்லையைக் காட்டும் புலப்படம் அவ்வளவு முக்கியம்.

எந்த வழியில் போனாலும், தடையாணை கிடைத்த அன்றே அதன் நகலைக் கமிஷனருக்குப் பதிவு வசதியுடன் ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி, ஒப்படைத்ததற்கான சான்றைப் பத்திரமாக வையுங்கள். 'உத்தரவு எனக்குத் தெரியாது' என்று அதிகாரி சொல்லும்போது, வேண்டுமென்றே மீறினார் என்பதை நிரூபிக்க உங்களிடம் இருப்பது அந்தச் சான்றுதான்.