ஒரே பாகவழக்கு, இரண்டு நீதிமன்றங்கள்: கிருஷ்ணகிரியில் ஒரு வழக்கறிஞர் அலுவலகம்

ஓராண்டாக நான் சென்றுவரும் கிருஷ்ணகிரி வழக்கறிஞர் அலுவலகம் ஒன்றின் சேவையைப் பற்றி எழுதுகிறேன். வழக்கறிஞர்கள் விளம்பரம் செய்துகொள்வதைப் பார் கவுன்சில் விதிகள் தடுப்பதால், அங்குள்ள வழக்கறிஞரே கேட்டுக்கொண்டபடி பெயரையும் முகவரியையும் தவிர்த்திருக்கிறேன்.

வேப்பனப்பள்ளி அருகே ஒரு மாந்தோப்பும், கர்நாடகத்தின் ஆனேக்கல் வட்டத்தில் சிறிது புன்செய் நிலமும் எங்கள் தந்தையார் விட்டுச்சென்ற சொத்துகள். சொத்துகள் வெவ்வேறு நீதிமன்றங்களின் எல்லையில் இருந்தாலும் அவற்றுள் ஒன்றில் வழக்குத் தொடுக்கலாம் என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 17-ஆவது பிரிவு சொல்வதால், நானும் தங்கையும் ஆனேக்கல்லில் பாகப்பிரிவினை கேட்டு வழக்குப் போட்டோம். ஐந்து வாரம் கழித்து அண்ணன் அதே சொத்துகளைச் சொல்லி, கிருஷ்ணகிரி சார்பு நீதிமன்றத்தில் எங்கள் இருவர் மீதும் ஒரு பிராது (வழக்கு மனு) கொடுத்தார். எங்கள் அழைப்பாணை அவரைச் சேருவதற்கு முன்பே அவருடைய அழைப்பாணை எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது.

முதலில் நாங்கள் அணுகிய வேறொரு வழக்கறிஞர், ஒரே தகராறில் இரண்டு வழக்குகள் இருப்பதைப் பற்றிய, அதே சட்டத்தின் 10-ஆவது பிரிவைக் காட்டி அண்ணனின் பிராதையே நிராகரிக்கச் சொல்லி மனு எழுதி, அதற்குப் பணமும் வாங்கிக்கொண்டார். அந்த மனுவின் நகலைக் கையில் வாங்கிய இந்த அலுவலகத்தின் வழக்கறிஞர், இரண்டு பத்தி படித்ததும் பேனாவை மூடிவைத்துவிட்டு, "சார், இந்தப் பிரிவு வழக்கைத் தொடுக்க வேண்டாம் என்று சொல்லவில்லை, விசாரணையை நடத்த வேண்டாம் என்றுதான் சொல்கிறது" என்றார். பின்னால் தொடுத்த வழக்கு கோப்பில் அப்படியே இருக்கும். முன்வழக்கு முடியும்வரை அதில் சாட்சி விசாரணைக்குப் போக முடியாது என்பதே அதன் பொருள்.

முந்தையது எது என்பதில்தான் அண்ணன் தரப்பு வாதாடியது. தங்கள் அழைப்பாணைதான் முதலில் சார்வானது (உரியவரிடம் சேர்ந்தது) என்றார்கள். பிராது தாக்கலாவதோடு வழக்குத் தொடங்கிவிடுகிறது என்ற 26-ஆவது பிரிவை எடுத்துவைத்து, ஆனேக்கல் வழக்கின் பதினாறு எழுத்தெண் கொண்ட சி.என்.ஆர். எண்ணை (வழக்கின் தனி அடையாள எண்) நீதிமன்றங்களின் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் போட்டுத் தாக்கல் தேதியை எங்களுக்குக் காட்டிய எங்கள் வழக்கறிஞர், அது போதாது, சான்றிட்ட நகல் வேண்டும் என்று என்னை ஓசூர், அத்திப்பள்ளி வழியாகப் பேருந்து மாறி மாறி மூன்று முறை அனுப்பினார்.

அந்த நகல் கன்னடத்தில் இருந்தது. ஓசூரில் ஒருவரிடம் கொடுத்து மொழிபெயர்த்து வாங்கிவந்ததை, அலுவலகத்தின் இளம் வழக்கறிஞர் சொத்து விவர அட்டவணையில் சர்வே எண் சர்வே எண்ணாக விரல் வைத்துச் சரிபார்த்தார். கன்னட எண்ணில் 9-ஐ மொழிபெயர்ப்பாளர் 6 என்று படித்திருந்தார். அப்படியே தாக்கல் செய்திருந்தால், அது வேறு சொத்து, எனவே வழக்குப்பொருளும் வேறு என்று எதிர்த்தரப்பு எழுந்திருக்கும். கட்டணத்தில் பாதியை இந்த ஒரு வேலைக்கே கொடுக்கலாம் என்று அன்று தோன்றியது.

வாதத்தின்போது எங்கள் வழக்கறிஞர் வலியுறுத்தியது ஒரே உரைகல்லை: முன்வழக்கில் வரும் இறுதித் தீர்ப்பு, பின்வழக்குக்கு முன்தீர்ப்புத் தடையாக (முடிந்துபோன விஷயத்தை மீண்டும் விசாரிக்க விடாத தடை) நிற்குமா என்பது. அதே மூவர், அதே சொத்து, அதே பாகம் என்பதால் நிற்கும். ஆனேக்கல் நீதிமன்றத்துக்கு அந்த நிவாரணத்தை வழங்கும் அதிகாரமும் உண்டு. முன்வழக்கு இந்தியாவின் எந்த நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தாலும் இப்பிரிவு பொருந்தும் என்பதால் மாநில எல்லை இதில் தடையாகவில்லை. விசாரணை நிறுத்திவைக்கப்பட்டது.

அவரை நான் நம்பத் தொடங்கியது, எது நடக்காது என்று அவர் சொன்ன இடங்களில்தான். அண்ணன் வட்டாட்சியரிடம் கொடுத்திருந்த பட்டா மாறுதல் மனுவையும் இதே பிரிவில் நிறுத்த முடியுமா என்று கேட்டேன். முடியாது, அது உரிமையியல் வழக்கன்று என்றார். பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல, நரம்பியல் நிறுவனத்துக்கும் அதன் ஊழியர் ஒருவருக்கும் இடையிலான வழக்கில், தொழிலாளர் நீதிமன்ற நடவடிக்கையைக் காரணம் காட்டி உரிமையியல் வழக்கை நிறுத்திவைத்தது தவறு என்றும், 10-ஆவது பிரிவு பொருந்தாத இடத்தில் 151-ஆவது பிரிவின் உள்ளார்ந்த அதிகாரத்தைக் கொண்டு அதே பலனைப் பெற இயலாது என்றும் உச்ச நீதிமன்றம் சொன்னதை எடுத்துக் காட்டினார். பட்டா மனுவுக்கு வட்டாட்சியரிடமே தனியாக ஆட்சேபணை கொடுத்தோம்.

விசாரணை நின்றாலும் இடைக்கால மனுக்கள் நிற்காது என்பதையும் அவர் முன்கூட்டியே எச்சரித்திருந்தார். அப்படியே நடந்தது. மாங்காய்ப் பருவம் நெருங்கும்போது தோப்பு வருமானத்துக்கு ரிசீவர் (சொத்தையும் வருமானத்தையும் பொறுப்பேற்க நீதிமன்றம் நியமிப்பவர்) போட வேண்டும் என்று அண்ணன் கிருஷ்ணகிரி வழக்கிலேயே மனுப் போட்டார். குத்தகைக் கணக்குகளை ஏற்கெனவே கேட்டு வாங்கி வைத்திருந்ததால், எதிருரை அடுத்த வாய்தாவிலேயே தயாராக இருந்தது. குத்தகைப் பணத்தை நீதிமன்றத்தில் கட்டுவது என்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டோம்.

குறைகளும் உண்டு. மாலை ஆறு மணிக்கு மேல் தொலைபேசியை எடுப்பதில்லை. வாய்தா தேதியைக் குமாஸ்தா இருமுறை மாற்றிச் சொல்லிவிட்டார். நான் தளத்தில் பார்த்துக்கொண்டதால் தப்பித்தேன். நகல், மொழிபெயர்ப்புச் செலவுகள் கட்டணத்தில் சேராது என்பதையும் முதல் நாளே சொல்லியிருக்கலாம். இவற்றுக்காக ஒரு நட்சத்திரம் குறைத்து நான்கு தருகிறேன். ஆனேக்கல்லில் தங்கையின் சாட்சியம் அடுத்த மாதம் தொடங்குகிறது. அங்கே வேறு வழக்கறிஞர்தான் என்றாலும், கிருஷ்ணகிரி வழக்குக் கட்டின் ஒரு முழு நகலை அவருக்கு இந்த அலுவலகமே அனுப்பிவைத்திருக்கிறது.